உஷார் மேஸ்திரியின் விரல்

தன் நிழலே தன்னை வேவு பார்க்கிறது என்று, வேலை இல்லாத நாளில் நிழல் குட்டையாக இருக்கிற உச்சி வெயிலில் மட்டும் வெளியே கிளம்புகிற மனுஷன் உலகத்திலேயே ஒருத்தர்தான். அவர் உத்திரமேரூரில் எங்கள் தெருவில் இருந்தார். கொத்து வேலை. பேர் என்னவோ, ஊருக்கு அவர் உஷார் மேஸ்திரி. காலையில் தான் கட்டின சுவரையே சாயந்திரம் தட்டிப் பார்ப்பார், எவனாவது செங்கல்லை மாற்றிவிட்டானா என்று.

எங்கள் எம்.எல்.ஏ. காலமாகி இடைத்தேர்தல் வந்தது. தெருவெல்லாம் ஜீப்பு. ஒவ்வொரு ஜீப்புக்கும் நான் பயந்து வீட்டுக்குள் போய்விடுவேன். அப்போது ஒரு பேச்சு கிளம்பிற்று. வேண்டாதவன் விரலில் முந்தின நாளே மை வைத்துவிடுவார்களாம், மை இருந்தால் பூத்தில் சேர்க்க மாட்டார்களாம். யார் வைப்பது என்றால், இந்தக் கட்சிக்காரர் அந்தக் கட்சியைக் காட்டினார், அந்தக் கட்சிக்காரர் இந்தக் கட்சியைக் காட்டினார். மேஸ்திரி இரண்டு பேரையும் நம்பினார்.

போன தேர்தலில் அவர் போவதற்குள் அவர் ஓட்டை எவனோ போட்டுவிட்டுப் போயிருந்தான். அந்த ஆறாத வயிற்றெரிச்சலில், "இந்த வாட்டி உட மாட்டேன்" என்று இடது ஆள்காட்டி விரலில் துணியைச் சுற்றி, மேலே சைக்கிள் டியூப்பை வெட்டி மாட்டிக்கொண்டார். விரலை நீட்டியபடியே சாரம் ஏறினார், சோறு தின்றார், தூங்கினார். ஒத்தை விரல் எந்தக் கட்சிச் சின்னம் என்று இரண்டு பக்கத்து ஆட்களும் அவரை முறைத்தார்கள்.

டியூப்புக்குள் வேர்த்து விரல் புண்ணாகிவிட்டது. தேர்தலன்று எரிச்சல் தாங்காமல் ஆஸ்பத்திரிக்கு ஓடி, கம்பவுண்டரிடம் மருந்து பூசிக்கொண்டு நேரே பூத்துக்கு வந்தார். அவருக்குப் பின்னால் நான்.

பூத் அதிகாரி வெளியூர்க்காரர். விரலைப் பார்த்தார். நகத்திலிருந்து கணு வரைக்கும் ஊதா.

"ஏற்கெனவே போட்டுட்டு வந்திருக்கீங்களே."

மேஸ்திரி முகம் சுண்ணாம்பாக வெளுத்தது. புண்ணு மருந்து சார் என்றார். எல்லாரும் சொல்வதுதான் என்றார் அதிகாரி.

அந்த மாதம் முழுக்க ஒருத்தர் முகத்தில் ஒருத்தர் விழிக்காத இரண்டு கட்சி ஏஜெண்டுகளும் ஒன்றாக எழுந்தார்கள்.

"சார், இவரு ஒருத்தனையும் நம்ப மாட்டாரு. யாருக்கோசரம் கள்ள ஓட்டுப் போடப் போறாரு?" என்றார் ஒருவர்.

"எங்க ஆளும் இல்ல, அவுங்க ஆளும் இல்ல சார். உடுங்க" என்றார் மற்றவர்.

அதிகாரி ஈரத்துணியால் தேய்க்கச் சொன்னார். ஊதா துணியில் ஏறியது; ஓட்டு மை அப்படி அழியாது. பக்கத்து விரலில் மை வைத்துச் சீட்டைக் கொடுத்தார்.

ஓட்டுப் போட்டு வந்த மேஸ்திரி முகத்தில் சந்தோஷமே இல்லை. என்னை ஓரமாக இழுத்தார்.

"ரெண்டு கட்சிக்காரனும் ஒண்ணா எனக்கோசரம் பேசுறானுங்கோ. இதுல இன்னாமோ கீது நைனா."

உங்கள்மேல் ஊருக்கு ஒரு பிரியம் மேஸ்திரி, அவ்வளவுதான் என்றேன். அதை மட்டும் அவர் நம்பவே இல்லை. வீடு வரைக்கும் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே நடந்தார்.

அவர் போய்ச் சேர்ந்து வருஷங்கள் ஆகின்றன. அவர் இருந்தவரைக்கும் என் பங்குப் பயத்தையும் அவரே பட்டுக்கொண்டிருந்தார். இப்போது முழுசும் நானே பட வேண்டியிருக்கிறது.