பெண்களுக்கு அனுமதி இலவசம்

கண்டியில் ஒரு நைட் கிளப் இருந்தது. இப்போது இல்லை. அதை மூடவைத்தது பொலிஸும் இல்லை, போட்டிக் கடைக்காரனும் இல்லை. நான்தான். அதுவும், அதன் வியாபாரத்தைப் பெருக்குவதற்காக எனக்குச் சம்பளம் கொடுத்து வைத்திருந்த காலத்தில்.

அப்போது எனக்கு இருபத்தாறு வயது. மார்க்கெட்டிங்கில் ஒரு டிப்ளோமா முடித்திருந்தேன். (ஒரு வருடப் படிப்புதான். ஆனால் சான்றிதழை லேமினேட் செய்து முன் அறையில், மாதா படத்துக்குப் பக்கத்திலேயே மாட்டியிருந்தோம்.) ஏரிக்கரையிலிருந்து மேலே ஏறும் தெரு ஒன்றில் ஒரு சின்ன ஹோட்டல். அதன் அடித்தளத்தில் அந்த கிளப். எனக்கு விளம்பர அதிகாரி என்று பதவி. ஆறு மாதம் தகுதிகாண் காலம் முடிந்ததும் நிரந்தர நியமனக் கடிதம் தருவதாகப் பேச்சு.

அந்தக் கடிதத்தை நம்பித்தான் என் கல்யாணம் நின்றுகொண்டிருந்தது. நான் விரும்பிய ரீட்டாவின் அம்மா லூர்து டீச்சர், முப்பது வருடம் கண்டியில் கணக்குப் படிப்பித்தவர். எழுத்தில் இல்லாத எதையும் நம்பமாட்டார். "கடிதத்தக் கொண்டு வாங்க தம்பி, தேதி குறிப்போம்" என்று சொல்லிவிட்டார்.

அவரிடமும் ரீட்டாவிடமும் என் அம்மாவிடமும் 'ஹோட்டலில் வேலை' என்று மட்டும் சொல்லியிருந்தேன். மேலே ஹோட்டல் இருக்கிறதுதானே. சனிக்கிழமைகளில் ஏன் இவ்வளவு பிந்தி வருகிறாய் என்று அம்மா கேட்டால், "கல்யாண ரிசப்ஷன்மா" என்பேன். "ஊர்ல எல்லாருக்கும் கல்யாணம் நடக்குது, உன் கடிதந்தான் வரக் காணோம்" என்று அம்மா சோற்றைச் சூடாக்குவார். ஆறு மாதத்தில் இருபது கல்யாணங்களுக்கு மேல் நடத்திவைத்தேன்.

கிளப்பின் சொந்தக்காரர் கந்தசாமி முதலாளி கம்பளையில் இரும்புக்கடை வைத்திருப்பவர். கண்டியில் அந்தக் கட்டடத்தை வாங்கியபோது கிளப்பும் அதோடு சேர்ந்து வந்துவிட்டது. குடிக்கமாட்டார், ஆடமாட்டார். ஆனால் வியாபாரம் எதுவானாலும் ஒன்றுதான் என்பது அவர் கட்சி. சேர்ந்த அன்றே என்னை உட்காரவைத்துப் பாடம் எடுத்தார்.

"நம்ம கடையில ஆணிய வாங்குன வெலைக்கே குடுக்கிறோம். ஏன் தெரியுமா?"

"தெரியாதுங்க முதலாளி."

"ஆணி வாங்க வர்றவன் சுத்தியலும் வாங்குவான். லாபம் சுத்தியல்ல இருக்கு. இங்க பொம்பளப் புள்ளைங்கதான் ஆணி. அவங்கள சும்மா உள்ள விடணும். அவங்க இருக்காங்கன்னு கேள்விப்பட்டு ஆம்பளைங்க வருவாங்க. வாசல்ல காசு, உள்ள குடிச்சா அதவிடக் காசு. அவங்கதான் சுத்தியல்."

நான் டிப்ளோமாவில் ஒரு வருடம் படித்ததை அவர் இரண்டு நிமிடத்தில் சொல்லி முடித்தார். எனக்கு அது பெரிய ஞானமாகப் பட்டது. நோட்டுப் புத்தகத்தில் எழுதிக்கூட வைத்துக்கொண்டேன்.

ஆனால் ஆணியும் வரவில்லை, சுத்தியலும் வரவில்லை. காலியான கிளப்புக்கும் நிறைந்த கிளப்புக்கும் செலவு ஒன்றுதான். பாட்டுப் போடும் டீஜேக்குச் சம்பளம், வாசல் காவலுக்குச் சம்பளம், கரன்ட் பில். காலியாக இருப்பதை எட்டிப் பார்ப்பவன் உள்ளே வரமாட்டான். அதனால் காலி இன்னும் காலியாகும். நான் பல நாள் மண்டையை உடைத்துக்கொண்டு காரணத்தைக் கண்டுபிடித்தேன். பஸ். கிளப் சூடுபிடிக்கும் நேரத்தில் குட்ஷெட் பஸ் நிலையத்தில் கம்பளை பஸ்ஸும் இல்லை, கலஹா பஸ்ஸும் இல்லை. த்ரீவீலுக்குக் கொடுக்கும் காசில் இன்னொரு தடவை குடிக்கலாம். ஆகவே சனிக்கிழமைகளில் மாலை ஐந்து மணிக்குத் திறந்து எட்டரைக்கு மூடுவோம் என்றேன்.

"நைட் கிளப்ப சாயங்காலம் தொறக்கிறதா?" என்று முதலாளி தாடையைத் தடவினார்.

"சனங்க வர்ற நேரத்துக்குத்தானே கடையத் தொறக்கணும் முதலாளி."

இரும்புக்கடைக்காரர் மனதில் அது இறங்கிவிட்டது. "சரி, செய். வர்ற சனிக்கு அடுத்த சனி நானே வந்து பாக்கிறேன். நெறைஞ்சிருந்தா அன்னைக்கே உன் கடிதத்துல கையெழுத்து" என்றார்.

மூன்று மொழியிலும் நோட்டீஸ் அடித்தோம். சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் விஷயத்தைப் பச்சையாகவே போட்டிருந்தார்கள். தமிழை நான் எழுதினேன். 'நைட் கிளப்' என்று எழுதக் கை கூசியது. (ஆறு மாதமாக அங்கே நின்று சம்பளம் வாங்கக் கூசாத கை.) கடைசியில் எழுதியது இதுதான்: 'சனி மாலை இன்னிசை ஒன்றுகூடல். பெண்களுக்கு அனுமதி இலவசம். முதல் பானமும் இலவசம். அனைவரும் வருக.' கீழே ஹோட்டல் விலாசம். பார்வைக்கு இருக்கட்டும் என்று மூலைக்கு ஒரு ரோஜாப்பூவும் போடச் சொன்னேன். மிஞ்சிய தமிழ் நோட்டீஸ் கட்டை வீட்டு அலுமாரிக்கு மேல் வைத்தேன்.

அம்மா வாரம் ஒருமுறை அலுமாரியின் மேல்பக்கம் தூசு தட்டுவார் என்பது எனக்கு நினைவுக்கு வரவில்லை. கட்டிலிருந்து ஒரு நோட்டீஸ் நேராகப் பாதர் கைக்குப் போயிருக்கிறது. அந்த ஞாயிறு, முந்திய நாள் 'கல்யாணத்தின்' களைப்பில் நான் பூசைக்குப் போகாமல் தூங்கிவிட்டேன். போயிருந்தால், பாதர் அறிவித்தலில் வாசித்ததை என் காதாலேயே கேட்டிருப்பேன். "நம்ம ஜெரோம் வேலை செய்யிற ஹோட்டல்ல தாய்மாருக்கு ஒரு இன்னிசை மாலை ஒழுங்கு செஞ்சிருக்காரு" என்றாராம். எங்கள் பங்குக் கோயிலின் மாதர் சங்கம் அந்த வருடச் சுற்றுலாவுக்குக் காசு போதாமல் முழித்துக்கொண்டிருந்த நேரம். இலவசம் என்றதும் இதையே சுற்றுலாவாக்கிக்கொண்டார்கள். சங்கத்தின் தலைவி லூர்து டீச்சர். எனக்குச் சொல்லாமல் போய்ச் சந்தோஷப்படுத்த வேண்டும் என்று அந்த வாரம் முழுக்க எல்லோரும் வாயைக் கட்டிக்கொண்டிருந்தார்கள்.

சனிக்கிழமை ஐந்து மணி தாண்டியதும் வாசல் காவல் சுமணே படியிறங்கி ஓடிவந்தார். கதவை அடைத்து நிற்கக்கூடிய ஆள்.

"மஹத்தயா, லேடீஸ் ஆவா" என்றார். பெண்கள் வந்துவிட்டார்களாம். என் வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது.

எத்தனை பேர் என்று கேட்டேன்.

"பஸ் எகக்."

ஒரு பஸ். நான் டையைச் சரிசெய்துகொண்டு வாசலுக்குப் போனேன். படியில் முதலில் இறங்கியது ஒரு கறுப்புக் குடை. குடைக்குப் பின்னால் லூர்து டீச்சர். அவருக்குப் பின்னால், நத்தார்ப் பண்டிகைக்கு மட்டும் கட்டும் நீலப் பட்டுச் சேலையில் என் அம்மா. அம்மாவுக்குப் பின்னால் நாற்பது பேர்.

"பாத்தியா, சொல்லாமலே வந்துட்டோம்" என்றார் அம்மா. முகம் முழுக்கச் சிரிப்பு.

அந்த இடத்திலேயே உண்மையைச் சொல்லித் திருப்பி அனுப்பியிருக்கலாம். ஆனால் அம்மா அப்படிப் பெருமையாக என்னைப் பார்த்து நெடுநாளாகியிருந்தது. "வாங்க, வாங்க" என்றுதான் வாயில் வந்தது.

தரை பளபளவென்று இருந்ததால் நாற்பத்திரண்டு பேரும் செருப்பை வாசலிலேயே கழற்றி வைத்தார்கள். சுமணே எல்லோருடைய மணிக்கட்டின் உள்பக்கத்திலும் நுழைவு முத்திரை குத்தினார். ஒரு சாய்ந்த மதுக் கிண்ணமும் அதன் விளிம்பில் ஒரு செர்ரிப் பழமும் அதிலுள்ள படம். நல்லவேளை, அந்த இருட்டில் யாரும் உற்றுப் பார்க்கவில்லை. "ஓட்டுப் போட வந்த மாதிரி இருக்கு" என்றார் ஒரு அக்கா.

உள்ளே லைட்டுகள் விட்டு விட்டு எரிவதைப் பார்த்துக் கரன்ட் கோளாறு என்று அம்மா கவலைப்பட்டார். புகை மெஷின் ஊதியபோது, "சாம்பிராணியெல்லாம் போட்டிருக்கான்" என்று பக்கத்திலிருந்தவரிடம் சொன்னார். லூர்து டீச்சர் நேராக டீஜேயிடம் போய், "தம்பி, அந்த மைக்கக் கொஞ்சம் குடுங்க" என்றார். கொடுக்காமல் இருக்க அவர் யார். ஆரம்ப ஜெபம் நடந்தது. வரவேற்புரை நடந்தது.

அடுத்தது இலவசப் பானம். எல்லோரும் ப்ளேன்டீ கேட்டார்கள். அந்த பாரில் இருபத்தெட்டு வகைக் குடிவகை இருந்தது, தேயிலை மட்டும் இல்லை. (பக்கத்தில் கலஹா மலை முழுக்கத் தேயிலை.) மேலே ஹோட்டல் சமையலறையிலிருந்து நாற்பத்திரண்டு ப்ளேன்டீ இறங்கியது. கடிக்க அவர்களே ஐஸ்கிரீம் டப்பாக்களில் கட்லட்டும் ரோல்ஸும் கொண்டுவந்திருந்தார்கள். 'வெளிச் சாப்பாடு தடை' என்ற பலகைக்கு நேர் கீழே வைத்துத்தான் பிரித்தார்கள். பிறகு உயரமான பார் ஸ்டூல்களை வட்டமாகப் போட்டு சங்கீதக் கதிரை விளையாட ஆரம்பித்தார்கள்.

ஆறு மணிக்குச் சுத்தியல்கள் வரத் தொடங்கின. முதலில் நான்கு இளைஞர்கள், தலைக்கு ஜெல் பூசி, மணக்க மணக்க. வாசலில் செருப்புக் குவியலைப் பார்த்துவிட்டு "செத்த வீடா?" என்று கேட்டார்களாம். ஆனாலும் காசு கட்டி உள்ளே வந்தார்கள். மைக் இன்னும் லூர்து டீச்சர் கையில்தான் இருந்தது.

"யாரு, டிலானா? வா வா. மூணாந் தடவையாவது கணக்குல பாஸ் பண்ணுனியா?" நான்கு ஸ்பீக்கரிலும் அது கேட்டது.

நால்வரும் வந்த வேகத்தில் படியேறினார்கள். அடுத்து வந்த கூட்டத்தில் ஒருவன், தன் சொந்தச் சித்தி ஸ்டூலுக்காக இன்னொருவரை இடித்துத் தள்ளுவதைக் கண்டான். அதற்கடுத்து வந்தவர்களில் மூன்று பேர் லூர்து டீச்சரின் மாணவர்கள். நுழைவுக் காசைத் திருப்பிக் கேட்டு வாசலில் வரிசை நின்றது. சுமணே வாசலில் நின்ற இத்தனை வருடத்தில், உள்ளே போக இடிபடுகிறவர்களைத்தான் பார்த்திருக்கிறார். வெளியே போக இடிபடுகிறவர்களை அன்றைக்குத்தான் பார்த்தார்.

ஏழு மணிக்குச் சற்று முன்னால் முதலாளி வந்தார். செருப்புக் குவியலைப் பார்த்து, "நெறைஞ்சிருக்கு போல" என்று சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்துக்கொண்டே உள்ளே நுழைந்தார். அப்படியே நின்றார். ஒரு சுற்றுப் பார்த்தார்.

"ஜெரோம், ஆணியெல்லாம் வந்திருக்கு. சுத்தியல் எங்க?"

நான் வாயைத் திறப்பதற்குள் மணி ஏழாகிவிட்டது. பாருக்கு மேலே சிவப்பு எழுத்துகள் தானாகப் பற்றும் நேரம் அது. ஆங்கிலத்தில் நைட் கிளப் என்று பெரிதாக எரிந்தது. பக்கத்தில் காலைத் தூக்கி ஆடும் ஒரு பெண் உருவமும் எரிந்தது. டீஜே பாட்டை நிறுத்தினார்.

அம்மா எழுத்துக்கூட்டி வாசித்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"அப்ப அந்தக் கல்யாணமெல்லாம்?"

வாழ்க்கையில் நான் அவ்வளவு வெட்கப்பட்டதில்லை. திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். அம்மா பாதி குடித்த ப்ளேன்டீயைச் சத்தமில்லாமல் மேசையில் வைத்துவிட்டு, முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டார்.

லூர்து டீச்சர் முதலாளி பக்கம் திரும்பினார். "ஆணின்னீங்களே. அது யாரு?"

வேறு யாராவது என்றால் ஏதாவது சொல்லிச் சமாளித்திருப்பார்கள். கந்தசாமி முதலாளி கேட்டதற்குப் பதில் சொல்கிற மனிதர். ஆணிக் கணக்கையும் சுத்தியல் கணக்கையும் நாற்பத்திரண்டு ஆணிகளுக்கு முன்னால் முழுதாக விளக்கினார். புகை மெஷின் ஒருமுறை ஊதி ஓய்ந்தது.

"கணக்குப் பிழை" என்றார் லூர்து டீச்சர்.

"எந்த எடத்துலங்க டீச்சர்?"

"ஆம்பளைங்கதான் காசு குடுப்பாங்கன்னு வச்சிருக்கீங்க. எங்ககிட்ட கேட்டுப் பாத்தீங்களா?"

"இல்லைங்க."

"எங்க சங்கம் மட்டுமில்ல, இந்த டவுன்ல பொம்பளைங்க சேந்து உக்காந்து சிரிக்க ஒரு எடம் கிடையாது. மாசம் ஒரு சனிக்கிழமை எங்களுக்குக் குடுங்க. ஆளுக்கு எவ்வளவுன்னு சொல்லுங்க, குடுக்கிறோம். அந்த லைட்டுப் பொம்பளைய மட்டும் கழட்டிருங்க."

முதலாளி மேலே எரிந்த பெண்ணைப் பார்த்தார், காலியான பாரைப் பார்த்தார். என் கடிதத்துக்காக எடுத்த பேனாவால் அவர்கள் பெயரை எழுதிக்கொண்டார்.

மறுநாள் காலை அம்மா என்னிடம் பேசியது ஒரே வார்த்தை. "பூசைக்கு." கழுவினாலும் இரண்டு மூன்று நாளைக்குப் போகாத மை அந்த முத்திரை மை. அது எனக்குத் தெரியும். அவர்களுக்குத் தெரியாது. நற்கருணை வாங்க வரிசையில் போன மாதர் சங்கம் ஒவ்வொருவராகப் பாதர் முன்னால் கையை நீட்டியது. ஒவ்வொரு கையிலும் சாய்ந்த கிண்ணம், செர்ரிப் பழம். ஏழாவது கையில் பாதரின் தோள் குலுங்கத் தொடங்கியதை நான் பின்னாலிருந்து பார்த்தேன். பூமி பிளந்தால் உள்ளே போயிருப்பேன்.

பூசை முடிந்து கோயில் வாசலில் பாதர் என் கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தார். "எல்லாருக்கும் குத்தியிருக்கு. உனக்கு மட்டும் குத்தலியா?" என்றார். பக்கத்தில் நின்ற அம்மா தன் மணிக்கட்டை அப்போதுதான் வெளிச்சத்தில் பார்த்தார். சிரிப்பை அடக்கப் பார்த்தார், முடியவில்லை. எனக்கு அழுகையே வந்துவிட்டது.

சில மாதங்களில் மற்றச் சனிக்கிழமைகளையும் வேறு வேறு பெண்கள் சங்கங்கள் எடுத்துக்கொண்டன. கிளப் போய் மண்டபமாகிவிட்டது. முதலாளி என்னைக் கம்பளைக் கடைக்கு மாற்றி, நிரந்தர நியமனக் கடிதமும் கொடுத்தார். பொறுப்பு, ஆணி உட்பட சில்லறைச் சாமான்கள். லூர்து டீச்சர் அதை இரண்டு தரம் வாசித்துவிட்டுத் தேதி குறித்தார். அன்றிலிருந்து எங்கள் வீட்டு விசேஷம் எதிலும் நான் உள்ளே நுழைந்தால், யாராவது ஒருவர் "ஆணி வந்தாச்சு" என்பார்.

இதெல்லாம் நடந்து ஐந்து வருடம். போன மாதம் அம்மாவையும் மாமியாரையும் ரீட்டாவையும் மண்டபத்தில் இறக்கிவிட்டபோது மழை பிடித்துக்கொண்டது. உள்ளே ஒதுங்கப் போனேன். சுமணே கையை விரித்து மறித்தார்.

"ஜென்ட்ஸ்லாட்ட சல்லி, மஹத்தயா." ஆண்களுக்குக் காசு.

"இலவசமா விட்டுறாதீங்க" என்று உள்ளேயிருந்து மைக்கில் என் மாமியாரின் குரல் வந்தது.

காசு கட்டினேன். முதல் ப்ளேன்டீக்கும் தனியாக வாங்கினார்கள். சுமணே என் கையைத் திருப்பி முத்திரை குத்தினார். முதலாளி எதையும் வீசுகிறவர் இல்லை. அதே கிண்ணம், அதே செர்ரிப் பழம்.

மறுநாள் பூசையில் கையை நீட்டினேன். பாதர் ஒரு கணம் அதைப் பார்த்துவிட்டு நற்கருணையை வைத்தார். பூசை முடிந்து வாசலில், "ஒரு வழியா உனக்கும் குத்திட்டாங்க" என்றார்.