மெதுவாகத் திரும்பிய பட்டாசுப் பெட்டி

அன்பு மாப்பிள்ளை மணிகண்டராஜ் அவர்களுக்கு, சிவகாசி அச்சகத்திலிருந்து மாமனார் நவநீதகிருஷ்ணன் எழுதிக்கொள்வது. நீங்களும் கீர்த்திகாவும் சென்னையில் சௌக்கியம்தானே? இங்கே எல்லோரும் நலம், என் நெஞ்சுப் படபடப்பு மட்டும் இன்னும் அடங்கவில்லை. போனில் பேசினால் வார்த்தை தடித்துவிடும், எழுதிப் போடுங்கள் என்று உங்கள் அத்தை சொன்னதால் இந்தக் கடிதம்.

பட்டாசு ஆலை நடத்தும் சாத்தூர் அய்யாதுரை அண்ணாச்சி இந்த சீசனுக்கான பட்டாசுப் பெட்டி ஆர்டர் முழுவதையும் ஒரே அச்சகத்துக்குத் தருவதாக இருந்தார். அடிக்கும் முன் பெட்டியைத் திரையில் நாலாபக்கமும் திருப்பிப் பார்க்க வேண்டும் என்றார். அதற்கான புரோகிராமை நம் பழைய கம்ப்யூட்டர் திறக்கவே மாட்டேன் என்றது. படம் வரைவதற்கென்றே இருக்கும் கிராபிக்ஸ் கார்டு அதில் இல்லையாம். உங்களைக் கேட்டேன். "கார்டு எதுக்கு மாமா? ஒரு சாப்ட்வேர் அனுப்புறேன். அதைப் போட்டா கம்ப்யூட்டரோட மூளையே படத்தையும் வரைஞ்சிரும்" என்றீர்கள். டிசைனர் பாண்டிச்செல்வி போட்டாள், புரோகிராமும் திறந்தது, உங்களை வாயார வாழ்த்தினேன். அந்த வாழ்த்தை இப்போது திரும்பப் பெறுகிறேன்.

நேற்றுக் காலை அண்ணாச்சி வந்து திரைக்கு முன்னால் உட்கார்ந்தார். பெட்டியின் மூடி வந்தது. வலப்பக்கம் வருவதற்குள் அவர் ஒரு காபியைக் குடித்து முடித்துவிட்டார். அப்போது சூடேறிப்போன கம்ப்யூட்டருக்குள் இருக்கிற காற்றாடி 'உஸ்ஸ்ஸ்' என்று ஆரம்பித்தது பாருங்கள்! நம்மூரில் உஸ்ஸென்று சத்தம் கேட்டால் நின்று விசாரிக்கிறவன் உண்டா? "ஏலே, ஓடுங்கலே!" என்று ஒரு குரல், அது என் குரல்தான் என்று பிறகு சொன்னார்கள். காகிதத்தையும் மையையும் தவிர ஒன்றும் இல்லாத அச்சகத்திலிருந்து பதினோரு பேர் தெருவுக்கு வந்துவிட்டோம், ஒற்றைச் செருப்போடு அண்ணாச்சி முதல் ஆளாக. பாண்டிச்செல்வி மட்டும் நிதானமாக வாசலுக்கு வந்து, "எல்லாரும் ஏன் வெளிய நிக்கீக? பின்பக்கம் வந்துக்கிட்டிருக்கு, வந்து பாருங்க" என்கிறாள். அண்ணாச்சி உள்ளே வரவில்லை. ஜன்னல் வழியாகவே வெகுநேரம் திரையை முறைத்தார். "நாப்பது வருசமா வெடி ஆபீஸ் நடத்துறேன், இம்புட்டு வேகமா நான் ஓடுனதில்ல" என்று சொல்லிவிட்டுக் காரில் ஏறிவிட்டார். ஆர்டரும் அதே காரில் போயிற்று.

ஆகையால் வருகிற ஞாயிற்றுக்கிழமைக்குள் நேரில் வந்து அந்தச் சாப்ட்வேரைப் பிடுங்கி எறிய வேண்டும். கோபம் தனி, ஆசி தனி. பத்திரகாளியம்மன் உங்கள் இருவரையும் ஒரு குறையுமின்றி வைத்திருக்கட்டும்.

இப்படிக்கு,
நவநீதகிருஷ்ணன்

பி.கு.: உறையை ஒட்டப்போகும் நேரத்தில் அண்ணாச்சி போன் செய்தார். "பெட்டி பின்பக்கத்துல 'பற்றவைத்ததும் அருகில் நிற்கவும்'னு போட்டிருக்கீகளே, யாரைக் கொல்லப் பாக்கீக? மத்த பிரஸ்ல எல்லாம் பெட்டி பம்பரமாச் சுத்துது, ஒரு எழுத்து படிக்க முடியல. உங்க கம்ப்யூட்டர்தான் நின்னு நிதானமாப் படிக்க விட்டுச்சு. 'விலகி'ன்னு திருத்தி, மொத்த ஆர்டரையும் நீங்களே அடிங்க" என்கிறார். மாப்பிள்ளை, சாப்ட்வேரைத் தொட வேண்டாம். இதைவிடக் கொஞ்சம் மெதுவாக ஓடுவது ஏதும் இருந்தால் அனுப்பிவைக்கவும்.