கரியில் பிறந்த முட்டை

வரைந்தால் வரும். அன்றைக்குக் கூலாய் வட்டாரம் முழுக்க இதே பேச்சு. சதாசிவம் கரித்துண்டால் தரையில் முட்டை வரைவார், முறத்தால் மூடுவார், திறந்தால் முட்டை இருக்கும். பொந்தியானிலிருந்துகூட, டயருக்குப் பதில் ரப்பர் குழாய் சுற்றிய சைக்கிளில் சனங்கள் வந்து குவிந்தார்கள். நாற்பத்து மூன்றாம் வருஷம். அரிசியைக் கண்ணால் பார்த்தே மாதக்கணக்காகியிருந்தது; மரவள்ளிக்கிழங்கு தின்று தின்று எங்கள் முகமே கிழங்காகியிருந்தது. வாழைமரம் வரைந்த நோட்டுத் தாளை நீட்டி, இது பத்து வெள்ளி என்று ஜப்பான்காரன் சொன்னபோது தலையாட்டியவர்கள் நாங்கள். முட்டைக்கா ஆட்டமாட்டோம்?

ஜப்பான் சண்டைக்கு முன்பு சதாசிவம் எங்கள் தோட்டத்தில் ரப்பர் மரங்களுக்கு எண் எழுதிக்கொண்டிருந்தார். இப்போது கரிச்சித்தர். அவருடைய சட்டங்கள் கடுமையானவை. கரியை அவர் மட்டுமே தொட வேண்டும். முறத்தை அவர் மனைவி காளியம்மா மட்டுமே பிடிக்க வேண்டும். வந்த பொருள் கரித்தெய்வத்துக்குச் சொந்தம். நேரே வீட்டுக்குள் போய்விடும். நாலு மாத முட்டைகள் இப்படிப் போயின. தெய்வத்துக்கு நல்ல பசி. அந்தப் பஞ்சத்திலும் காளியம்மா இரண்டு சுற்றுப் பெருத்தார். ஏன் என்று ஒருவரும் கேட்கவில்லை.

அந்த ஒருவரில் நானும் அடக்கம். என் பெயர் கத்தரின். ரப்பர் பால்வெட்டுக்காரர் மகள், கான்வென்ட் கன்னிமார் தயவில் மதராஸ் வரை போய், பௌதிகத்தில் பி.ஏ. வாங்கி வந்தவள். கேள்வி கேட்காததோடு நான் நிற்கவில்லை. "ஒலிக்கு எதிரொலி உண்டென்றால், உருவத்துக்கு ஏன் எதிருருவம் இருக்கக் கூடாது?" என்று தோட்டக் குடியிருப்பான லயத்து வாசலில் நின்று விஞ்ஞான விளக்கம் வேறு கொடுத்தேன். "பி.ஏ. அம்மாவே சொல்லிட்டாங்க லா" என்று மறுநாள் இன்னும் நாற்பது பேர் வந்தார்கள். மோசடிக்கு இலவச விளம்பரம் செய்யவும் படிப்பு உதவுகிறது.

காரணம் என் தம்பி அமலநாதன். சயாம் ரயில் பாதை போட ஜப்பான்காரர்கள் அவனை லாரியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். பதினோரு மாதமாக ஒரு சேதியும் இல்லை. எங்கள் வீட்டுச் சுவரில் அவனை வரைந்து வரவழைப்பதாகச் சதாசிவம் சொன்னார். ஆனால் ஆள் மொத்தமாக வர மாட்டானாம். உறுப்பு உறுப்பாகத்தான் வரைய வேண்டுமாம்.

"மொதல்ல காலு. அப்பத்தானே நடந்து வருவான்?"

காலுக்கு அம்மாவின் கம்மல். கைக்கு என் கடிகாரம். வயிற்றுக்கு ஒரு சேலை. நாலாம் மாதம் தம்பி கழுத்துவரை வந்து நின்றான்.

"முகத்துக்குக் கொயினா மாத்திரை வேணும்," என்றார் சதாசிவம். "உங்கம்மாகிட்ட இருக்கே."

இருந்தது. பதினாறு மாத்திரை. ஒருநாள் விட்டு ஒருநாள் மலேரியாவில் தூக்கிப் போடும் அம்மாவின் உயிர் அந்தப் பதினாறில்தான் இருந்தது. "நான் போனாலும் அவன் வரட்டும், கொண்டு போ," என்றார் அம்மா. கொண்டு போனேன். கைக்குட்டையில் முடிந்து, பத்திரமாக.

சதாசிவம் வீட்டு வரிசையில் எனக்கு முன்னால் காதர் பீவி அக்கா நின்றார். கிழங்குப் புட்டு விற்பவர். கையெழுத்து கேட்டால் பெருவிரல் வைப்பவர். அவர் புருஷன் சுப்ஹானும் என் தம்பி போன அதே லாரியில்தான் போயிருந்தார்.

"கையில என்ன தங்கச்சி?"

"கொயினா அக்கா. தம்பி முகத்துக்கு."

"அம்மாவுக்குக் காய்ச்சல் விட்டுருச்சா?"

கைக்குட்டையை இன்னும் இறுக்கி முடிந்தேன். அக்கா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். சதாசிவம் அன்றைய முட்டையை வரைந்து முடித்ததும், அக்கா விறுவிறுவென்று போய், தட்டிலிருந்து ஒரு கரித்துண்டை எடுத்து முட்டையின் குறுக்கே ஒரு கோடு போட்டார்.

"ஏய், என்ன செஞ்சே?"

"கீறல் போட்டேன் ஐயா. வரைஞ்சதுதானே வரும்? உடைஞ்ச முட்டையா வரட்டும்."

"அடுத்தவங்க கை பட்டா சக்தி போயிரும். இன்னிக்கு ஒண்ணும் வராது. எல்லாரும் போங்க."

"வராதுன்னா மூடுறதுல என்ன சூசா, என்ன கஷ்டம்? மூடுங்க. வராததையும் பாத்துட்டுப் போறோம்."

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். "மூடித்தான் காட்டுங்களேன் சாமி," என்றார் இன்னொருவர். காளியம்மா பதற்றத்தில் முறத்தால் மூடி, மேலே துணியைப் போர்த்தினார். நாலு மாதப் பழக்கம். வராது என்று புருஷன் சொன்னது அவர் காதுக்கு எட்டியது, கைக்கு எட்டவில்லை.

திறந்தால் முட்டை. கீறல் இல்லாத முழு முட்டை.

"கீறல் உள்ள இருக்கும்," என்றார் சதாசிவம்.

"பாத்துருவோம்." அக்கா முட்டையைத் தரையில் தட்டினார். ஒன்றும் ஒழுகவில்லை. ஓட்டை உரித்தார். உள்ளே வெள்ளையாக, கெட்டியாக, நன்றாக வெந்திருந்தது.

"அடுப்பையும் சேத்தா வரைஞ்சீங்க ஐயா?"

காளியம்மா அழுதுவிட்டார். "பச்சை முட்டைன்னா மடியிலேயே உடைஞ்சிருது. நாத்தம் தாங்கல. அதான் அவிச்சு வச்சேன்."

சனங்கள் வீட்டுக்குள் புகுந்து அவரவர் காணிக்கையாகக் கொடுத்த நகையைத் தேடினார்கள். அம்மாவின் கம்மல் கிடைக்கவில்லை. அது தெப்ராவ் பக்கம் விலைபோய் எப்போதோ முட்டையாகியிருந்தது. சதாசிவம் செய்த ஒரே மெய்யான மாயம் அதுதான்.

"நீ படிச்ச பொண்ணாச்சே," என்றார் அக்கா. "ஒரு தடவகூடச் சந்தேகம் வரலையா?"

"வந்துச்சு அக்கா."

"அப்ப ஏன் கேக்கல?"

"கேட்டா தம்பி வராமப் போயிருவானோன்னு பயம்."

"எனக்கு மட்டும் இல்லையா? நானும் நாலு மாசமா வரிசையில நின்னவதான். ஆனா உங்கம்மா சயாமுக்குப் போகல தங்கச்சி. இங்கதான் கெடக்காங்க."

வீட்டுக்கு ஓடினேன். அம்மாவைத் தூக்கி உட்காரவைத்து இரண்டு மாத்திரை கொடுத்தேன்.

"முகம் வரைஞ்சாச்சா?"

"இல்லம்மா. அவன் ஏமாத்துக்காரன்."

"அப்ப அமலன் வருவானா?"

"தெரியாதும்மா."

நாலு மாதத்தில் அந்த வீட்டில் நான் பேசிய முதல் உண்மை அது. அம்மா வெகுநேரம் அழுதார். பிறகு, காய்ச்சல் வரும் நாள் என்றைக்கு என்று கேட்டு, அடுத்த மாத்திரைகளைத் தானே எடுத்து வைத்துக்கொண்டார்.

தெரியாது என்று சொல்லக் கூசுகிற வீடாகப் பார்த்துத்தான் சதாசிவங்கள் கரித்துண்டோடு நுழைகிறார்கள். வாசலிலேயே நிறுத்தி, ஒரு கோடு போட்டுப் பாருங்கள். உங்கள் வீட்டில் பி.ஏ. படித்தவள் யாராவது இருந்தால், அவள் விளக்கத்தை மட்டும் கேட்டுவிடாதீர்கள்.