வலையில் விழுந்த இருபது ஆடுகள்

தனிமை விரும்பி என்று ஊரெல்லாம் பந்தா பண்ணிக்கொண்டு திரிந்தவன் நான். வீட்டில் எட்டுப் பேர், படகில் ஐந்து பேர், ஒருவருக்கும் மெதுவாகப் பேசத் தெரியாது. அதனால், சுண்ணாம்புக்குளத்தில் ஆடு வளர்க்கும் அக்கா புருஷன், "கல்யாணத்துக்குப் போவணும், ஒருநாள் ஆட்டைப் பாத்துக்கிறியாடா?" என்று கேட்டதும் துள்ளிக் குதித்தேன். ஆளில்லாத ஏரிக்கரை, இருபது செம்மறி, நான். ஆகா!

நைனா சும்மா விடவில்லை. "அங்க குந்தினுதானே இருக்கப் போற? இந்தக் கிழிசலைத் தெச்சு எடுத்துனு வா" என்று வலையைத் தலையில் கட்டினார். மறுநாள் எங்கள் பாடு. அதாவது, ஏரியில் நல்ல மீன் விழும் இடத்தில் வலை கட்ட, ஊர் முறை வைத்துக் கொடுக்கும் நாள். தவறவிட்டால் அடுத்த முறை வரும்வரை அடுத்தவன் மீனை வேடிக்கை பார்க்க வேண்டியதுதான்.

முதல் அரைமணி நேரம் தனிமை இனித்தது. அடுத்த அரைமணியில் கிடாயிடம் பேச ஆரம்பித்திருந்தேன். (அது பதில் சொல்லவில்லை. திமிர்!) மற்றவை ஆளுக்கொரு திசையில் போயின. ஓடி ஓடி நாக்குத் தள்ளியது. அப்போதுதான் என் மீனவ மூளை வேலை செய்தது. கழிகளை நட்டு, ஆடுகளைச் சுற்றி வலையைக் கட்டிவிட்டு நிழலில் சாய்ந்தேன். ஓடுவதை வளைத்துப் பிடிப்பதுதானே எங்கள் பிழைப்பு!

மீன் மாட்டினால் வலைக்குள் துள்ளும். ஆடு மாட்டினால் வலையையே இழுத்துக்கொண்டு ஓடும். கண் விழித்தபோது, கிடாய் முன்னால் இழுக்க, மொத்த மந்தையும் ஒரே மூட்டையாகக் கத்திக்கொண்டிருந்தது.

கத்தியை எடுத்தேன். அறுத்தால் பாடு போச்சு, அறுக்காவிட்டால் ஆடு போச்சு. அழுகையே வந்துவிட்டது. போனைப் போட்டேன்.

"நைனா, வலையில ஆடு மாட்டிக்கிச்சு."

"எத்தினி?"

"எல்லாம்."

கொஞ்ச நேரத்தில் ஊரே படகில் வந்து இறங்கியது. அம்மா மந்தையையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள். பிறகு, வலையிலிருந்து நண்டு கழற்றும் பெண்களை உட்கார வைத்து, "கால் ஒடியாம எடுங்கடி!" என்றாள்.

"இதுல இன்னா பெருசு? நண்டுக்குப் பத்துக் காலு, இதுக்கு நாலுதான்" என்றாள் பக்கத்து வீட்டு அக்கா.

ஆடுகள் எல்லாம் பிழைத்தன. வலையில் மட்டும் கிடாய் அளவுக்கு ஒரு வாசல். விடிய விடியத் தைத்தும் மூடவில்லை. மறுநாள் எங்கள் பாட்டில் வந்த மீனெல்லாம் அந்த வாசல் வழியாகவே வீட்டுக்குப் போய்விட்டது.

இன்றும் ஊரில் பாடு ஒதுக்கும்போது, எங்கள் முறை வந்தால் தலைவர் கேட்கிறார்: "உங்களுக்கு ஏரியிலயா, மேய்ச்சல்லயா?"

தனிமையா? சும்மா கரைப் பக்கம் நடக்கக் கிளம்பினாலே அம்மா அடுப்படியிலிருந்து கத்துகிறாள்: "யாராவது வலைய எடுத்து உள்ள வைங்க, இவன் தனியா இருக்கப் போறானாம்!"