பண்பாட்டுமானியும் ஒரு டப்பா குண்டூசியும்

பண்பாட்டை அளக்க ஒரு கருவி வந்துவிட்டது என்றதும், தெருவே போட்டது போட்டபடி கிடக்க ஓடிப்போய்க் கூட்டம் கூடியது. நீளத்தை அளக்க டேப் இருக்கிறது, காய்ச்சலை அளக்கத் தெர்மாமீட்டர் இருக்கிறது, பண்பாட்டை மட்டும் இத்தனை காலம் குத்துமதிப்பாக வைத்து ஒப்பேற்றிவிட்டோமே என்று எல்லோருக்கும் வருத்தம். அந்தக் குறையைத் தீர்க்க வந்தவர் தம்மைப் "பண்பாட்டுப் பொருளாதார வித்தகர்" என்று சொல்லிக்கொண்டார். கையில் பளபளவென்று ஒரு பித்தளைப் பெட்டி. மேலே கண்ணாடி, அதற்குள் ஒரு முள். முள் பச்சைப் பக்கம் சாய்ந்தால் அந்த இடத்தில் பண்பாடு இருக்கிறது, செல்வம் சேரும். சிவப்புப் பக்கம் சாய்ந்தால் பண்பாடு ஒழுகுகிறது, வறுமைதான். ஒழுகும் ஓட்டையை அடைக்கும் செப்புத் தகடும் வித்தகரிடமே கிடைக்கும். ஓட்டையைக் கண்டுபிடிக்கிறவரும் அவரே, ஒட்டுப் போடுகிறவரும் அவரே. அடுத்தவர் கைக்கு வேலை போகாத தொழில்.

அச்சகத்தில் முள் சிவப்புக்குப் போனது. அங்கே வேலை செய்யும் பெண் வாசலைப் பார்த்து உட்கார்ந்ததுதான் காரணமாம். அவளைச் சுவரைப் பார்த்துத் திருப்பினார்கள். டியூஷன் சென்டரில் பெண் பிள்ளைகள் முதல் பெஞ்சில் இருந்தது குற்றமாம். கடைசி பெஞ்சுக்கு அனுப்பினார்கள். முடிதிருத்தும் கடையில் சுழல் நாற்காலி மரியாதை இல்லாமல் சுற்றுகிறதாம். அது சுற்றாதபடி ஆணியடித்துவிட்டார்கள். பாவம், கடைக்காரர் இப்போது தானே நாற்காலியைச் சுற்றிச் சுற்றி வந்து முடி வெட்டுகிறார். இதற்கெல்லாம் பிறகு செல்வம் குவிந்ததா என்று கேட்டால், குவிந்தது. வித்தகரிடம் குவிந்தது.

"முன்னேறின நாடெல்லாம் எதனால முன்னேறிச்சு? பண்பாட்டால. நாம எதனால பின்தங்கினோம்? அது ஒழுகினதால. என் கண்ணைக் கட்டிவிட்டாலும் இந்த முள் பொய் சொல்லாது" என்று அவர் தெருமுனையில் நின்று முழங்கினார். கூட்டம் கைதட்டியது. அந்தக் கடைசி வாக்கியத்தைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். அவர் மறந்துவிடுவார்.

இப்படியாக அளந்துகொண்டே வந்த வித்தகர், ஒரு நாள் சட்டை தைக்கும் பட்டறைக்குள் நுழைந்தார். அங்கே காஜா எடுக்கும் மெஷினில் உட்கார்ந்திருந்தவளை எல்லோரும் காஜா அக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். பொத்தான் துளைக்கு ஓரம் தைப்பது அவள் வேலை. எதையும் துளைத்துத் துளைத்துக் கேட்பது அவள் குணம். அதனால் முதலாளிக்கு அவளைக் கண்டால் ஆகாது. வேலை சுத்தமாக இருப்பதால் பொறுத்துக்கொண்டிருந்தார்.

பட்டறையில் மூன்று மாதமாக ஆர்டர் இல்லை. போன சட்டைகளும் மூட்டை மூட்டையாகத் திரும்பி வந்தன. ஏன் வந்தன என்பது பட்டறையில் முதலாளி ஒருவரைத் தவிர அத்தனை பேருக்கும் தெரியும். ஆனால் சுவரில் பெரிய எழுத்தில் ஒரு போர்டு மாட்டியிருந்தது: 'எதிர்த்துப் பேசாமை நம் பண்பாடு.' காஜா அக்கா வாயெடுத்தபோதும் அந்தப் போர்டைத்தான் காட்டி உட்காரவைத்தார், அதைத் தினமும் துடைத்து வைக்கும் சூப்பர்வைசர். அவருக்கு ஆமாஞ்சாமி என்று பெயர் வைத்து வெகு காலமாயிற்று.

வித்தகர் பெட்டியைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு மெஷினாக வந்தார். முள் பச்சையிலேயே இருந்தது. முதலாளியின் அறையில் பச்சையைத் தாண்டிக் குதித்துவிடும் போலிருந்தது. முதலாளிக்குப் பூரிப்பு. கடைசியாகப் பின்பக்கம் இருந்த குழந்தைகள் அறையின் வாசலில் நின்றார். முள் சரேலென்று சிவப்பில் விழுந்தது.

"இங்கதான் ஒழுகுது" என்றார் வித்தகர். "தாய் மடியில வளர வேண்டிய பிள்ளை தொழில்கூடத்துல வளருது. எந்த லட்சுமி இங்க தங்குவா? திங்கட்கிழமையே இந்த அறையை மூடி, வாசல்ல தகடு பதிச்சிருங்க."

"ஆமாம் சார்" என்றார் ஆமாஞ்சாமி.

காஜா அக்கா மெஷினை நிறுத்தினாள். அந்த அறைக்காக அவள் இரண்டு வருஷம் முதலாளியிடம் மன்றாடியிருக்கிறாள். மகன் பிறந்தபோது விட்டுப் பார்த்துக்கொள்ள ஆளில்லாமல் பதினொரு மாதம் வேலையில்லாமல் வீட்டில் கிடந்தவள் அவள். அறை போனால் அவளுக்கு வேலை போச்சு. அவளுக்கு மட்டுமல்ல, இன்னும் ஒன்பது பேருக்கும். பக்கத்து மெஷினில் காலர் தைக்கும், அவள் தங்கச்சி என்று கூப்பிடும் பெண், ஐந்து மாதக் கைக்குழந்தைக்காரி, அப்போதே அழ ஆரம்பித்துவிட்டாள்.

காஜா அக்காவுக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. கோபத்தோடு வித்தகரையே பார்த்துக்கொண்டிருந்தபோதுதான் ஒரு வேடிக்கையைக் கவனித்தாள். அவர் அவள் மேசையில் வலது கையை ஊன்றி முதலாளியிடம் பேசிக்கொண்டிருந்தார். விரலில் பட்டையாக ஒரு மோதிரம். அவள் மேசையில் சிந்திக் கிடந்த இரண்டு குண்டூசிகள், கூப்பிட்ட பிள்ளை மாதிரி ஓடிப்போய் அந்த மோதிரத்தில் ஒட்டிக்கொண்டன. உடைந்த ஊசிகளைத் தரையிலிருந்து காந்தத்தால் பொறுக்குவது அவள் தினமும் செய்கிற வேலை. அவளுக்கா புரியாது?

"ஐயா, கண்ணைக் கட்டினாலும் முள் பொய் சொல்லாதுன்னீங்களே. ஒரே ஒரு தடவை கட்டிக்கிட்டு அளந்து காட்டுங்க. அப்புறம் நானே அறையைப் பூட்டிச் சாவியைத் தர்றேன்" என்றாள்.

வித்தகர் மென்று விழுங்கினார். "சந்தேகப்படுறவங்க முன்னாடி முள்ளுக்குக் கூச்சம்."

"முள்ளுக்குத்தானே கூச்சம், உங்களுக்கு இல்லையே" என்றாள்.

நாலு பேர் சிரித்தார்கள். முதலாளிக்கு இது நல்ல யோசனையாகப் பட்டது. "கட்டிக்குங்க சார். இதோட இவ வாயையும் அடைச்சிரலாம்."

காலர் துணியில் ஒரு பட்டையைக் கிழித்து, மூக்குக்கு அடியிலும் வெளிச்சம் தெரியாதபடி காஜா அக்காவே கட்டிவிட்டாள். தங்கச்சியின் காதில் ஏதோ சொன்னாள். தங்கச்சி கண்ணைத் துடைத்துக்கொண்டு எங்கோ போனாள். முதலாளியிடம், "சார், நீங்க பின்னாலயே வாங்க. என்ன நடந்தாலும் வாயை மட்டும் திறக்காதீங்க" என்றாள். முதலாளியிடம் அப்படி ஒருத்தி சொன்னது அதுதான் முதல் தடவை.

துணி மூட்டைகளுக்கு நடுவே வித்தகரை மூன்று சுற்றுச் சுற்றவிட்டு, முதலில் குழந்தைகள் அறைக்குக் கூட்டிப்போனாள். மதியத் தூக்கத்தில் அத்தனை பிள்ளைகளும் அசந்து கிடந்தன. சத்தமே இல்லை. வித்தகர் காதைத் தீட்டிக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார். முள் மெல்லப் பச்சைக்கு ஏறியது.

"ஆகா" என்றார். "என்ன அமைதி, என்ன லட்சணம். இது முதலாளி உட்கார்ற இடமாத்தான் இருக்கணும்."

முதலாளி வாயைத் திறந்தார். காஜா அக்கா விரலை உதட்டில் வைத்தாள். மூடிக்கொண்டார்.

அடுத்து நடத்திப்போன இடத்தில் மின்விசிறி சுழன்றது. உள்ளே கால் வைத்ததும் ஒரு கைக்குழந்தை வீரிட்டு அழுதது. வித்தகரின் முகம் மலர்ந்தது. முள் சிவப்பின் கடைசிக் கோட்டில் போய் நின்றது.

"இதேதான். எங்க கொண்டு போனாலும் கண்டுபிடிச்சிருவேன்ல? பண்பாடு மொத்தமும் இங்கதான் ஒழுகுது. இந்தப் பட்டறையோட தரித்திரமே இந்த இடம்தான். இன்னைக்கே இதை இழுத்துப் பூட்டுங்க." சொல்லிக்கொண்டே பக்கத்திலிருந்த நாற்காலியை ஓங்கித் தட்டினார்.

காஜா அக்கா கட்டை அவிழ்த்தாள். அது முதலாளியின் அறை. தட்டப்பட்டது முதலாளியின் நாற்காலி. மேசையில் மெத்தென்ற துண்டு விரித்து அதன்மேல், தூக்கத்திலிருந்து தூக்கிவரப்பட்ட தங்கச்சியின் குழந்தை காலை உதைத்துக்கொண்டு கிடந்தது.

"ஆமாம் சா..." என்று தொடங்கிய ஆமாஞ்சாமி, வாழ்க்கையில் முதன்முறையாகப் பாதியில் நிறுத்தினார்.

"குழந்தையோட அலை... இங்க வரைக்கும் வந்து..." என்று வித்தகர் இழுத்தார்.

"அலை கிடக்கட்டும். இதுக்கு என்ன சொல்றீங்க?" காஜா அக்கா தன் குண்டூசி டப்பாவைக் கொண்டுவந்து, குழந்தையைத் தங்கச்சி தூக்கிக்கொண்ட பிறகு, மேசையில் அவர் கைப்பக்கமாகக் கொட்டினாள். அரை டப்பா குண்டூசி அவர் மோதிரத்தில் முள்ளம்பன்றியாகச் சிலிர்த்து நின்றது. முதலாளியே மோதிரத்தைக் கழற்ற வைத்தார். பெட்டியை எடுத்துக்கொண்டு பட்டறை முழுக்க நடந்தார். முள் செத்த பல்லி மாதிரி அசையாமல் கிடந்தது. மோதிரத்தைப் பெட்டிக்கு அடியில் காட்டினார். வலப்பக்கம் கொண்டுபோனால் பச்சை, இடப்பக்கம் கொண்டுபோனால் சிவப்பு. ஒரு நாட்டின் உயர்வும் தாழ்வும் ஒரு விரலில் இருந்திருக்கின்றன.

முதலாளி நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார். "அப்போ ஏன்தான் சட்டை திரும்பி வருது?"

 எல்லோர் கண்ணும் வாசல் வழியே தெரிந்த போர்டுக்குப் போய் வந்தது. காஜா அக்கா வெளியே போய், திரும்பி வந்த மூட்டையிலிருந்து ஒரு சட்டையை உருவினாள். வாளித் தண்ணீரில் அதன் காலரை முக்கிப் பிழிந்து, இஸ்திரிப் பெட்டியால் தேய்த்து, மேசையில் போட்டாள். காலர் முழுக்கக் கொப்புளம்.

"காலர் விறைப்பா நிக்க உள்ள வைக்கிற கேன்வாஸ், சார். நீங்க புதுசா வாங்கினது. ஒரு தடவை நனைஞ்சா துணியை விட்டுக் கழண்டுடுது. தைக்கிற தங்கச்சிக்கு முதல் நாளே தெரியும்."

"எனக்கும் தெரியும் சார்" என்றார் ஆமாஞ்சாமி, தரையைப் பார்த்து.

"தெரிஞ்சும் ஏன்யா மூணு மாசமா சொல்லல?"

"எதிர்த்துப் பேசக் கூடாதுன்னு போட்டிருக்கே சார்."

 முதலாளியே ஸ்டூல் போட்டு ஏறி அந்தப் போர்டைக் கழற்றினார். அந்தச் சந்தடியில் வித்தகர் கம்பி நீட்டிவிட்டார். பெட்டியை எடுத்துக்கொண்டவர் மோதிரத்தை மறந்துவிட்டார்.

திங்கட்கிழமை குழந்தைகள் அறை வழக்கம்போலத் திறந்தது. அந்தக் கேன்வாஸ் வாங்கின கடைக்கே திரும்பிப் போனது. மோதிரம் இப்போது ஒரு நூலில் கட்டி காஜா அக்காவின் மெஷினில் தொங்குகிறது. உடைந்த ஊசி பொறுக்குகிறது. அது பிறந்ததிலிருந்து செய்கிற முதல் யோக்கியமான வேலை.

அச்சகத்துப் பெண் மட்டும் இன்னும் சுவரைப் பார்த்துத்தான் உட்கார்ந்திருக்கிறாள். பித்தளைப் பெட்டி அடுத்த ஊருக்குப் போய்விட்டதாகக் கேள்வி. அது உங்கள் ஊராக இருந்தால், நம் பண்பாடு எங்கே ஒழுகுகிறது என்று முள்ளைப் பார்த்துக்கொண்டு நிற்காதீர்கள். பெட்டியைப் பிடித்திருக்கும் கையைப் பாருங்கள். பார்த்ததை வாய் திறந்து சொல்லுங்கள். சொல்லக் கூடாது என்று உங்கள் சுவரில் போர்டு தொங்கினால், உங்களைப் பின்தங்க வைக்க வித்தகர் எவரும் வர வேண்டியதில்லை. நீங்களே போதும்.