செவ்வந்தி மாலையும் நெரீனா அம்மையாரும்

என்னைப் போன்ற பயந்தாங்கொள்ளிகள் ஒரு காரியத்தைச் சும்மா கெடுப்பதில்லை. பத்துத் தரம் சரிபார்த்து, பட்டியல் போட்டு, அதன் பிறகுதான் கெடுப்போம்.

அப்போது எனக்கு இருபத்திநான்கு வயது. கிழக்கு லண்டனில் பழைய படங்கள் காட்டும் சின்னத் திரையரங்கு ஒன்றில் ஆறு மாதத் தற்காலிக வேலை. அது முடிய ஒரு கிழமை இருக்கையில் மனேஜர் ஹெலன் கூப்பிட்டார். இத்தாலியப் படங்களில் துணை நடிகையாக இருந்த நெரீனா என்ற எண்பத்திரண்டு வயது அம்மையார் லண்டனில்தான் இருக்கிறாராம். அவருக்கு ஒரு பாராட்டு நிகழ்ச்சி. மேடையில் அறிமுகம் செய்வது நான். "இது சரியாக நடந்தால் உன் வேலை நிரந்தரம்," என்றார். (சரியாக நடக்காவிட்டால் என்ன என்று அவர் சொல்லவில்லை. ஏழு நாளும் நான் அதைத்தான் யோசித்தேன்.)

அம்மையார் முப்பதுக்கு மேற்பட்ட படங்களில் நடித்தவர். ஒன்றிலும் கதாநாயகி இல்லை. மேல்வீட்டுக்காரி, வேலைக்காரி, கதாநாயகியின் நோயாளி அக்கா. பாதிப் படங்களில் இடைவேளைக்கு முன்பே செத்துவிடுவார். அந்தக் காலத்து வழக்கப்படி, அவருடைய வசனத்தைக்கூட ஸ்டூடியோவில் வேறொருத்திதான் பேசினாள். படிக்கப் படிக்க எனக்கு அழுகை வந்தது. இந்த மனுஷிக்கு ஒருநாளாவது முறையான மரியாதை செய்தே தீருவது என்று முடிவெடுத்து, அம்மாவிடம் சொன்னேன்.

"வெறுங்கையோடயோ மேடைக்குக் கூப்பிடப் போறாய்? எங்கட சேர்ச்சுக்குப் பிஷப் வந்தாலும் மாலை போட்டுத்தானே வரவேற்கிறம். அவவும் எங்களைப்போல வேதக்காரிதானே?"

"ஓம் அம்மா. ஆனா ஹெலனிட்டைக் கேக்கேல்லை."

"மரியாதை செய்யிறதுக்கும் பெர்மிஷனோ? விசர்க் கதை கதையாதை!"

அம்மாவே ஃபாரஸ்ட் கேட் பக்கத்துப் பூக்கடையில் சொல்லி, முழங்கால்வரை தொங்கும் மாலை ஒன்று எடுத்தார். வெள்ளையும் மஞ்சளுமாக முழுக்கச் செவ்வந்தி.

அன்று அரங்கு நிறைந்துவிட்டது. முன்வரிசை முழுக்க இத்தாலிய முதியவர்கள். அறிமுகத்தை ஒப்பித்தேன். ஒரு சொல்லும் தவறவில்லை. அந்தத் துணிவில் மாலையை எடுத்து அம்மையாரின் கழுத்தில் போட்டேன்.

கைதட்டல் வரவில்லை. முன்வரிசையில் ஒரு பெண்மணி சிலுவை அடையாளம் போட்டார். பக்கத்தில் இருந்த பெரியவர் சட்டைப்பைக்குள் கைவிட்டுச் சாவிக்கொத்தில் இருந்த வீட்டுத் திறப்பை இறுகப் பிடித்தார். (இரும்பைத் தொட்டால் கெட்டது அண்டாதாம். பிறகுதான் அறிந்தேன்.) சனம் உருகிப்போய்விட்டது என்று நினைத்த நான், மாலையை இன்னும் வடிவாக இழுத்துவிட்டேன்.

திறப்புக்காரர் மெதுவாக எழுந்தார். "பிள்ளை, இந்தப் பூவை எங்கள் ஊரில் கல்லறைக்குத்தான் கொண்டுபோவோம்."

ஐயோ! ஹெலன் சுவரோடு ஒட்டி நின்று கண்ணை மூடிக்கொண்டார். வேலை போனால் போகட்டும். வாழ்நாள் முழுக்க ஓரத்தில் நின்ற ஒருவரை நடுமேடைக்குக் கூப்பிட்டு உயிரோடு அடக்கம் செய்துவிட்டேனே! பதறிப்போய் மாலையைக் கழற்றக் கை நீட்டினேன். அம்மையார் என் கையைத் தட்டிவிட்டு மைக்கைப் பிடித்தார்.

"படங்களில் எத்தனையோ தரம் செத்திருக்கிறேன்," என்றார், கரகரத்த தன் சொந்தக் குரலில். "ஒருத்தராவது பூ கொண்டு வந்ததில்லை. இதைக் கழற்ற மாட்டேன்."

அரங்கு எழுந்து நின்று கைதட்டியது. நான் திரைக்குப் பின்னால் போய் விம்மி விம்மி அழுதேன். வேலையும் நிரந்தரமானது. ஆனால் நியமனக் கடிதத்தில், விருந்தினருக்குப் பூ கொடுப்பதென்றால் எழுத்தில் அனுமதி பெற வேண்டும் என்று எனக்கென்றே ஒரு வரி சேர்த்திருந்தார் ஹெலன்.

இப்போதும் வருடாவருடம் அதே நாளில், தான் இன்னும் சாகவில்லை என்று அறிவிக்க நெரீனா அம்மையார் எங்கள் வீட்டுக்கு ஃபோன் எடுப்பார். அம்மாதான் ஓடிப்போய்த் தூக்குவார். தூக்கிவிட்டு வீடு அதிரக் கத்துவார்:

"பிள்ளை, ஓடி வா! நீ மாலை போட்ட பிரேதம் லைனில நிக்குது!"