சமையலறை ஜன்னலும் முப்பதடிக் கம்பமும்

கல்யாணமான பதினோரு வருஷத்தில், மனைவி ஜெபகனி கேட்டதற்கெல்லாம் தலையாட்டியே ஐசக்குக்குக் கழுத்து சுளுக்கியிருந்தது. சமையலறை ஜன்னல் விஷயத்தில் மட்டும் ஆட்டுவதில்லை என்று கங்கணம் கட்டிக்கொண்டார்.

காரணம் இருந்தது. ஆம்பூர் தோல் கம்பெனியில் அவர் டைப்பிஸ்ட். பொங்கலை ஒட்டி மெட்ராஸில் டெஸ்ட் மேட்ச். அதற்காக ஒரு வாரம் லீவைப் பொத்திப் பொத்தி வைத்திருந்தார். புது டி.வி.க்கும் சொல்லியாகிவிட்டது. ஜன்னல் என்றால் கொத்தனார் வருவார், அந்த ஒரு வாரமும் சிமெண்டோடு போய்விடும்.

அவர்களுடையது வேலூர் கோட்டைக்கு எதிரே வெள்ளைக்காரன் காலத்து வரிசை வீடு. எட்டு வீட்டுக்கும் ஒரே கூரை. ஜெபகனி சமையலறையில் தோசை வார்த்தால் கூடத்தில் இருப்பவர் இருமுவார். புகை போக வழியே இல்லை.

அந்தச் சமயத்தில்தான் ஓர் அதிகாரி நாடாவோடு வந்தார். வரிசையை அளந்தார். பழைய கட்டடம், அரசாங்கப் பட்டியலில் சேர்த்தாயிற்று, கேட்காமல் எதையும் மாற்றக்கூடாது என்று சொல்லிவிட்டுப் போனார். ஐசக்குக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை.

"ஏங்க, ஜன்னலுக்குக் கொத்தனாரை வரச் சொல்லட்டா?"

"சுவத்துல கை வெச்சா ஜெயில், தெரியுமா? தாஜ்மகால்ல ஜன்னல் வெக்க வுடுவானா?"

"தாஜ்மகால்ல யாரும் தோசை சுடலையே."

"சட்டம் சட்டம்தான் ஜெபகனி."

"சுவருக்கு மட்டுமா, கூரைக்கும் சேர்த்தா?"

"கூரை, சுவர், வாசப்படி, எல்லாத்துக்கும்." ஜெயித்த வேகத்தில் ஐசக் தாராளமாக அள்ளிவிட்டார்.

ஜெபகனி கொஞ்சம் யோசித்தாள். "அப்ப எட்டு வீட்டுக்கும் டைப் அடிச்சுக் குடுங்க. பாவம், தெரியாம எதனா பண்ணிடப் போறாங்க."

ஐசக் கார்பன் வைத்து அடித்தார். சுவரில் ஆணி கூடாது, கூரைமேல் ஏறக்கூடாது, எதையும் நிறுத்தக்கூடாது, மீறினால் ஜெயில். கீழே கையெழுத்தும் போட்டார். பக்கத்து வீட்டு லியாகத் அலி அன்றைக்கே கூரையிலிருந்த புறாக்கூண்டை இறக்கினார். தெருவே ஐசக்கை மரியாதையாகப் பார்த்தது.

மேட்சுக்கு முதல் நாள் காலையில் டி.வி. வந்தது. ஆன்டெனா போட முப்பதடிக் கம்பத்தோடு காசி வந்தான். ஏணியைச் சாத்தியதுமே லியாகத் அலியின் மனைவி ஹலீமா பீ கையில் காகிதத்தோடு வெளியே வந்தாள்.

"இன்னா சார், கூரைல ஏறக்கூடாதுன்னு நீங்கதானே எழுதினீங்க? எங்க வூட்டுக்காரர் பத்து வருஷமா வளத்த புறாவைத் தோஸ்துங்களுக்குக் குடுத்துட்டாரு."

"இது சின்னக் கம்பம்தாம்மா."

"புறா அதவிடச் சின்னது சார்."

காசி காகிதத்தை வாங்கிப் படித்தான். ஏணியை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டான். "ஜெயிலெல்லாம் நமக்குச் சரிப்படாது சார்."

ஐசக் அழுதே விடுவார் போலிருந்தது. ஜெபகனி பைபிளுக்குள்ளிருந்து மடித்த கடிதம் ஒன்றை எடுத்தாள்.

"போன வாரமே அந்த அதிகாரியைப் பாத்துக் கேட்டேன். பட்டியல்ல இருக்கறது முன்பக்கமும் கூரையும்தானாம். பின்பக்கம் நம்ம இஷ்டம். எழுதியே குடுத்துட்டாரு. கம்பத்தைக் கொல்லைல நடுங்க."

ஐசக்குக்கு உயிர் திரும்பி வந்தது. "காசி, கொல்லைக் கதவு வழியா ஒயரை இழு."

"கதவை மூடினா ஒயர் நசுங்கும் சார். சமையலறைப் பின்சுவத்துல ஓட்டை போடணும்."

"ஓட்டை எதுக்கு?" என்றாள் ஜெபகனி. "ஜன்னலாவே போட்டுடலாம். கொத்தனார் பெருமாள் வெளிய நிக்கறாரு, காலைலயே வரச் சொல்லிட்டேன்."

ஐசக் தலையாட்டினார். கழுத்துக்குப் பழகிய வேலைதானே.

சாயங்காலத்துக்குள் ஜன்னல் வந்தது. காசி கொண்டு வந்த ஒயர் சமையலறை வரைக்கும்தான் எட்டியது. பொங்கலுக்குக் கடையெல்லாம் மூடிவிட்டார்கள். டி.வி. அடுப்பு மேடை ஓரத்தில் உட்கார்ந்தது.

மறுநாள் ஜன்னலில் காற்று வந்தது, திரையில் மேட்ச் வந்தது, வாசலில் ஹலீமா பீ குடும்பம் வந்தது. ஐசக்குக்கு அம்மிக்குப் பக்கத்தில் இடம் கிடைத்தது.

"சும்மா உக்காந்து பாக்க இது கூடமா?" என்று ஜெபகனி அரிவாள்மணையை அவர் பக்கம் தள்ளினாள். "வந்தவங்களுக்குச் சட்னி வேணும், தேங்கா துருவுங்க."

அன்றைக்கு மூன்று விக்கெட் விழுந்ததாம். ஐசக் துருவிய தேங்காய் நாலு.